ஜானி ஸ்பைட்டின் அங்கதம்: ஆல்ஃபின் வசையும் எல்ஸின் மௌனமும்

கிழக்கு லண்டனின் கேனிங் டவுனில் 1920இல் உழைக்கும் குடும்பத்தில் பிறந்த ஜானி ஸ்பைட், 14 வயதில் பள்ளியை விட்டுத் தொழிற்சாலை வேலைக்குச் சென்றவர். பிபிசிக்காக அவர் எழுதிய ‘டில் டெத் அஸ் டூ பார்ட்’ (1966–1975) என்னும் நகைச்சுவைத் தொடர் இனவெறியை எள்ளும் நோக்குடையது. ஆயினும், இனவெறியரான ஆல்ஃப் கார்னெட்டுக்கே அதில் சொல்வளமும் வேகமும் வாய்த்தன. அவரை மறுக்கும் மருமகன் மைக்கின் வாதங்கள் சரியானவை, சுவையற்றவை. பார்வையாளருள் ஒரு சாரார் ஆல்ஃபைத் தம் குரலாகவே கொண்டாடியதற்கு இவ்வமைப்பும் காரணமாகும். அவர்தம் அறியாமையை மட்டும் பழித்தல் பொருந்தாது. அங்கதம் உண்மையில் நிறைவேறுவது மனைவி எல்ஸிடத்தில்தான். நெடிய வசைமாரியை வாளாவிருந்து கேட்டபின் அவர் உதிர்க்கும் ஓரிரு சொற்களில் ஆல்ஃபின் பேரரசுப் பெருமிதம் சரிகிறது. எல்ஸாக நடித்த டேண்டி நிக்கோல்ஸ் விலகியபின் வந்த பகுதிகளில் அவ்வசைக்கு இத்தகைய எதிர்முனை அமையவில்லை.