அடித்துவிட்ட பத்தி

1931 மே மாதம் 'நேச்சர்' இதழில் ஒரு சிறு கடிதம் வெளிவந்தது. எழுதியவர் ஜார்ஜ் லெமேத்ர். பெல்ஜியத்தில் லூவேன் பல்கலைக்கழகப் பேராசிரியர், கத்தோலிக்கக் குருவும்கூட. உலகம் முழுவதும் ஆதியில் ஒரே ஒரு குவாண்டமாக இருந்திருக்கலாம், அது பிளந்து பலவான பிறகே இடம், காலம் என்பவற்றுக்குப் பொருள் வந்திருக்கும் என்று அதில் சொன்னார். இன்று நாம் பெருவெடிப்பு என்று அழைக்கும் கருத்தின் முதல் எழுத்து வடிவம் இது. கடிதத்தின் தட்டச்சுப் படியில் கடைசியாக இன்னொரு பத்தியும் இருந்தது. பரம்பொருளை நம்புகிறவர்கள் அவர் மறைந்திருப்பவர் என்றும் நம்புகிறார்கள், படைப்பை மறைக்கும் திரையொன்றை இன்றைய இயற்பியலே தந்திருப்பதில் அவர்களுக்கு மகிழ்ச்சி இருக்கலாம் என்பது அதன் சாரம். அச்சுக்குப் போகுமுன் அந்தப் பத்தியை லெமேத்ர் பேனாவால் அடித்துவிட்டார்.

அண்டத்தின் தோற்றம் பற்றி அறிவியலும் சமயமும் நடத்திய நெடும் உரையாடலை இந்த அடித்தலிலிருந்து படிக்கத் தொடங்கலாம் என்று நினைக்கிறேன். 'மதமும் அறிவியலும் மோதுகின்றன' என்ற கதையும், 'இரண்டும் ஒன்றையே சொல்கின்றன' என்ற கதையும் சுலபமாக விலைபோகின்றன. லெமேத்ர் இரண்டையுமே வாங்க மறுத்தார்.

அந்தக் கடிதத்துக்கு உடனடித் தூண்டுதல் அவருடைய ஆசிரியர் ஆர்தர் எடிங்டன். அதே ஆண்டின் தொடக்கத்தில் எடிங்டன், இயற்கையின் நடப்புக்கு ஒரு தொடக்கம் உண்டு என்ற எண்ணமே தமக்கு உவப்பாக இல்லை என்று பேசியிருந்தார். இத்தனைக்கும் எடிங்டன் குவேக்கர் சபையைச் சேர்ந்த ஆழ்ந்த பக்திமான். பக்தி உள்ளவர் தொடக்கத்தை விரும்புவார், பக்தி இல்லாதவர் வெறுப்பார் என்ற கணக்கு முதல் அடியிலேயே தப்பிவிடுகிறது.

அதற்கு முந்தைய பதினைந்து ஆண்டுகளின் வரலாறு பலருக்கும் தெரிந்ததுதான். 1917-இல் ஐன்ஸ்டைன் தம் பொதுச் சார்பியல் சமன்பாடுகளை அண்டம் முழுவதற்கும் பொருத்தினார். அண்டம் அசையாமல் நிற்கவேண்டும் என்பதற்காக ஒரு மாறிலியையும் சேர்த்தார். 1922-இல் ரஷ்யாவில் அலெக்சாண்டர் ஃப்ரீட்மன், விரியும் அண்டமும் அதே சமன்பாடுகளின் தீர்வே என்று காட்டினார். 1927-இல் லெமேத்ர் அந்த முடிவுக்குத் தனியாக வந்துசேர்ந்ததோடு, விண்மீன் மண்டலங்கள் விலகிச் செல்லும் வேகத்துக்கும் தூரத்துக்கும் உள்ள விகிதத்தையும் கணக்கிட்டார். அதே உறவைக் காட்டிய வானியலாளர் ஹபிளின் புகழ்பெற்ற கட்டுரை 1929-இல்தான் வந்தது. லெமேத்ரின் பிரெஞ்சுக் கட்டுரை 1931-இல் ஆங்கிலமானபோது அந்தக் கணக்கு மட்டும் காணாமல் போயிருந்தது. யாரோ சதி செய்தார்கள் என்று நெடுநாள் ஐயம் இருந்தது. நீக்கியவர் லெமேத்ரேதான் என்று 2011-இல் மாரியோ லிவியோ கடித ஆதாரத்துடன் எழுதினார். புதிய தரவு வந்துவிட்ட பிறகு பழைய எண்ணை மறுபதிப்பிடுவதில் அவர் பயன் காணவில்லை. 2018-இல் சர்வதேச வானியல் ஒன்றியம், வேகத்தையும் தூரத்தையும் இணைக்கும் அந்த விதியை ஹபிள்–லெமேத்ர் விதி என்று அழைக்கப் பரிந்துரைத்தது.

இனிச் சமயத்தின் பக்கம். இங்கே நிதானமாக நிற்கவேண்டும். 'மதங்கள் உலகுக்கு ஒரு தொடக்கத்தைச் சொல்கின்றன' என்ற பொதுக்கருத்து மிகவும் தட்டையானது. உலகம் அனாதியா, ஆதியுடையதா என்ற வழக்கு ஒவ்வொரு சமயத்துக்கு உள்ளேயும் நடந்திருக்கிறது.

இஸ்லாமியச் சிந்தனையில் அல்-கஸ்ஸாலி, 1095 வாக்கில் தத்துவவாதிகளை மறுத்து எழுதிய நூலின் முதல் விவாதமே உலகின் அனாதித்தன்மையைப் பற்றியது. அரிஸ்டாட்டிலின் வழிவந்தவர்கள் உலகம் என்றும் உள்ளது என்றார்கள். கடந்த காலம் முடிவில்லாமல் பின்னோக்கிப் போக முடியாது என்பது கஸ்ஸாலியின் எதிர்வாதம். அடுத்த நூற்றாண்டில் கோர்டோபாவின் இப்னு ருஷ்து, அந்த நூலை வரிவரியாக எடுத்துக்கொண்டு பதில் எழுதினார். அவரும் முஸ்லிம்தான், சட்ட அறிஞர், நீதிபதி. அவர்களுக்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே கிறிஸ்தவத்தில் அகஸ்டீன், படைப்புக்கு 'முன்பு' கடவுள் என்ன செய்துகொண்டிருந்தார் என்ற கேள்வியை எடுத்து ஆராய்ந்திருந்தார். காலமே படைக்கப்பட்ட பொருள் என்றால் 'முன்பு' என்ற பேச்சுக்கே இடமில்லை என்பது அவர் விடை.

இந்த வழக்கில் மிகக் கூர்மையான நிலைப்பாடு என்று எனக்குப் படுவது தாமஸ் அக்குவைனாஸ் 13-ஆம் நூற்றாண்டில் எடுத்தது. உலகுக்குத் தொடக்கம் உண்டு என்று அவர் நம்பினார், ஏனெனில் வேதம் சொல்கிறது. ஆனால் அதைத் தருக்கத்தால் நிறுவ முடியாது என்றும் பிடிவாதமாகச் சொன்னார். படைப்பு என்பது ஒருநாள் நடந்த நிகழ்ச்சி என்பதைவிட, உலகம் தன் இருப்புக்கு இறைவனைச் சார்ந்திருக்கும் உறவு என்பதே அவருக்கு முக்கியம். உலகம் என்றென்றும் இருந்துவந்தாலும் அந்தச் சார்பு இருந்தே தீரும். அவர் இறந்த மூன்றே ஆண்டுகளில், 1277-இல், பாரிஸ் ஆயர் 219 கருத்துகளைத் தடைசெய்தார்; உலகம் அனாதி என்பதும் அவற்றுள் அடங்கும்.

அதே 13-ஆம் நூற்றாண்டில், பாரிஸைப் பற்றி எதுவும் அறியாமல், திருவெண்ணெய்நல்லூரில் மெய்கண்டார் சிவஞானபோதத்தின் முதல் நூற்பாவில் இதே வழக்கை எடுக்கிறார். உலகில் ஒவ்வொரு பொருளும் தோன்றி நின்று அழிவதைக் காண்கிறோம். ஆகவே உலகத் தொகுதியும் தோற்றமும் ஒடுக்கமும் உடையது. அதைச் செய்பவன் ஒருவன் வேண்டும் என்று வாதம் போகிறது. ஆனால் இந்தப் படைப்பு சூனியத்திலிருந்து நடப்பதில்லை. இல்லாதது தோன்றாது, உள்ளது அழியாது என்ற சற்காரியவாதமே சித்தாந்தத்தின் அடிக்கல். குடத்துக்கு மண் முதற்காரணம், சக்கரம் துணைக்காரணம், குயவன் நிமித்த காரணம் என்பதுபோல் உலகுக்கு மாயை முதற்காரணம், சக்தி துணை, சிவன் நிமித்தம். பதி, பசு, பாசம் மூன்றுமே அனாதி. காலம்கூட மாயையிலிருந்து விரிந்த தத்துவங்களுள் ஒன்று. ஆக, சைவ சித்தாந்திக்கு ஒவ்வொரு சிருஷ்டிக்கும் தொடக்கம் உண்டு, சிருஷ்டி வரிசைக்குத் தொடக்கம் இல்லை. கஸ்ஸாலிக்கும் இப்னு ருஷ்துக்கும் நடுவில் மூன்றாவது ஒரு நாற்காலி இது.

இதை 'இந்தியச் சமயங்களின் கருத்து' என்று எடுத்துக்கொண்டாலும் தவறிவிடுவோம். வேதத்தின் மீது மாறாப் பற்றுள்ள மீமாம்சகர்களில் குமாரிலபட்டர், படைப்பும் பிரளயமும் நடந்ததே இல்லை, உலகம் இப்போது இருப்பதுபோலவே எப்போதும் இருந்துவருகிறது என்றார். 1948-இல் கேம்பிரிட்ஜில் பிறந்த மாறாநிலைக் கொள்கைக்கு (அதற்குப் பின்னால் வருவோம்) அவரை முன்னோடியாக்க வேண்டாம். இப்படியும் ஒரு வைதிகர் நினைக்க முடிந்தது என்பதுதான் கவனிக்க வேண்டியது. சமணத்தில் படைப்பவனே இல்லை. உலகம் யாராலும் ஆக்கப்படாதது. உலகம் நித்தியமா அநித்தியமா என்று கேட்ட மாலுங்கியபுத்தருக்குப் புத்தர் விடை சொல்ல மறுத்தார். துக்கம் நீங்க அது உதவாது என்றார். தமிழிலேயே பரிபாடலின் இரண்டாம் பாடலில் கீரந்தையார் வானம், காற்று, தீ, நீர், நிலம் என்று ஒன்றன்பின் ஒன்றாகப் பூதங்கள் தோன்றும் நெடும் ஊழிகளைப் பாடுகிறார். நெய்தல், குவளை, ஆம்பல், சங்கம் என்ற பேரெண்களால் அவற்றை அளக்கிறார். மணிமேகலையோ வஞ்சி நகரில் சாங்கியன், வைசேடிகன், ஆசீவகன், பூதவாதி என்று ஒவ்வொருவரிடமும் அவரவர் கணக்கைக் கேட்டு நிற்கிறாள். எல்லாரையும் பேசவிட்டுக் கேட்ட அந்தக் காதையை, இன்று ஒலிபெருக்கி வைத்து இதைப் பேசுகிறவர்கள் ஒருமுறை வாசிக்கலாம்.

ஐரோப்பாவுக்குத் திரும்புவோம். 1948-இல் ஹெர்மன் போண்டி, தாமஸ் கோல்டு, ஃப்ரெட் ஹாயில் மூவரும் மாறாநிலைக் கொள்கையை முன்வைத்தார்கள். அண்டம் விரிகிறது, ஆனால் இடைவெளியில் புதிய பருப்பொருள் மெல்ல உண்டாகிக்கொண்டே இருப்பதால் அதன் முகம் மாறுவதில்லை, தொடக்கமும் இல்லை. தொடக்கம் என்ற கருத்தில் ஹாயிலுக்கு மதவாடை அடித்தது. 1949 மார்ச்சில் பிபிசி வானொலியில் எதிர்த்தரப்பை விளக்கும்போது அவர் பயன்படுத்திய 'பிக் பாங்' என்ற பெயர்தான் கடைசியில் நிலைத்தது. அந்த வாடை கற்பனை என்றும் சொல்ல முடியாது. 1951 நவம்பர் 22 அன்று போப் பன்னிரண்டாம் பயஸ், பாப்பிறை அறிவியல் கழகத்தில் ஆற்றிய உரையில், புதிய அண்டவியல் படைப்பை உறுதிசெய்வதாகவே பேசினார்.

பதறியவர் ஹாயில் இல்லை, லெமேத்ர். தம் கருதுகோள் இன்னும் நிறுவப்படாதது. நாளை தரவு அதைக் கவிழ்த்தால் விசுவாசமும் சேர்ந்து கவிழுமா? 1952 செப்டம்பரில் ரோமில் சர்வதேச வானியல் ஒன்றியத்தின் பொதுக்கூட்டம். போப் மீண்டும் பேச இருந்தார். லெமேத்ர் முன்கூட்டியே ரோம் சென்று, வத்திக்கான் வானாய்வகத்தின் இயக்குநர் டேனியல் ஓ'கானலுடன் கலந்து பேசினார். இம்முறை உரையில் அந்த உரிமைகோரல் இல்லை. அதே ரோம் கூட்டத்தில் வால்டர் பாடே, விண்மீன் மண்டலங்களின் தூர அளவே தவறு, அதை ஏறக்குறைய இரட்டிக்கவேண்டும் என்று அறிவித்தார். அண்டத்தின் வயதும் ஒரே அறிவிப்பில் இரட்டித்தது. லெமேத்ரின் எச்சரிக்கைக்கு இதைவிடப் பொருத்தமான சாட்சியம் கிடைத்திருக்காது.

இந்த இடத்தில் நம் ஊர்க் கணக்கு ஒன்று நினைவுக்கு வருகிறது. பிரம்மாவின் ஒரு பகல், அதாவது ஒரு கல்பம், 432 கோடி ஆண்டு. பூமியின் வயது சுமார் 454 கோடி. ஆகவே ரிஷிகள் அறிந்திருந்தார்கள் என்று மேடைதோறும் கேட்கிறோம். ஹபிளின் முதல் அளவீட்டின்படி 1930-களில் அண்டத்தின் வயது 200 கோடி ஆண்டை ஒட்டியே வந்தது. நடப்புக் கல்பத்தில் கழிந்ததாகப் பஞ்சாங்க மரபு சொல்வது ஏறத்தாழ 197 கோடி. அன்று இதைப் பிடித்துக்கொண்டு யாராவது கொண்டாடியிருந்தால் 1952-இல் என்ன செய்திருப்பார்கள்? இன்றைய மதிப்பு 1,380 கோடி. கல்பக் கணக்கின் பெருமை வேறு இடத்தில் இருக்கிறது: 17-ஆம் நூற்றாண்டில்கூட ஆயர் அஷர் உலகின் தொடக்கத்தைக் கி.மு. 4004 என்று குறித்தார், ஆனால் இங்கே கோடிக்கணக்கான ஆண்டுகளை அஞ்சாமல் எண்ணும் மனம் அதற்கு வெகுகாலம் முன்பே பழகியிருந்தது. 2004-இல் ஜெனீவா அருகே செர்ன் வளாகத்தில் இந்தியா அளித்த நடராசர் சிலை நிறுவப்பட்டது. அது ஓர் அழகான உருவகம். அதை ஆய்வு முடிவாக வாசிக்கும்போதுதான் 1951-இன் போப்பும் நாமும் ஒரே அவசரத்தில் விழுகிறோம்.

மாறாநிலைக் கொள்கையை வீழ்த்தியது சமயமும் இல்லை, சமய எதிர்ப்பும் இல்லை. கேம்பிரிட்ஜில் மார்ட்டின் ரைல் ரேடியோ மூலங்களை எண்ணி, பழைய அண்டம் இன்றைய அண்டம்போல் இல்லை என்று காட்டினார். 1965-இல் நியூஜெர்சியின் ஹோம்டெல்லில் பென்சியாஸ், வில்சன் இருவருக்கும் எத்திசையிலிருந்தும் ஓயாமல் வந்த ஓர் இரைச்சல் பிடிபட்டது. ஆன்டெனாவிலிருந்து புறாக்களை விரட்டி, எச்சத்தைத் துடைத்த பிறகும் அது போகவில்லை. அண்டத்துக்குச் சுமார் 3,80,000 வயதானபோது விடுபட்ட ஒளியின் மிச்சம் அது, இன்று 2.7 கெல்வினுக்குக் குளிர்ந்திருக்கிறது. ஆல்ஃபர், ஹெர்மன் இருவரும் 1948-இலேயே இதை எதிர்பார்த்து 5 கெல்வின் என்று எழுதியிருந்தார்கள். தேடத்தான் நெடுநாள் யாரும் முனையவில்லை. 1966 ஜூனில் இறப்பதற்குச் சற்று முன் லெமேத்ருக்கு இந்தச் செய்தி எட்டியது.

ஆனால் அந்தக் கதிர்வீச்சு சொல்வது, அண்டம் ஒருகாலத்தில் வெப்பமாகவும் நெருக்கமாகவும் இருந்தது என்பதை. அதற்கு முந்தைய கணம் பற்றி அது பேசவில்லை. அங்கே சார்பியல் மட்டுமே நம் கையில் உண்டு. கல்கத்தாவில் அமல்குமார் ராய்சவுத்ரி 1955-இல் வெளியிட்ட சமன்பாட்டைக் கருவியாகக் கொண்டு பென்ரோஸும் ஹாக்கிங்கும் காலத்தைப் பின்னோக்கிச் சென்றால் கணிதம் முறிந்துபோகும் ஓர் ஒருமைப்புள்ளி தவிர்க்க முடியாதது என்று 1970-இல் நிறுவினார்கள். அந்த முறிவை 'படைப்பின் கணம்' என்று வாசிப்பவர்கள் உண்டு. சார்பியல் அங்கே செல்லாது, குவாண்டம் ஈர்ப்புக் கொள்கை வேண்டும் என்பதற்கான அறிவிப்பு என்று வாசிப்பவர்களே இயற்பியலாளர்களில் மிகுதி. ஹாக்கிங்கே பிறகு அப்படித்தான் வாசித்தார். 1983-இல் ஜேம்ஸ் ஹார்ட்டிலுடன் அவர் எழுதிய கட்டுரையில், காலத்துக்கு விளிம்பே இல்லாத ஓர் அண்டத்தை வரைந்தார்.

அலெக்சாண்டர் விலென்கின் 1982-இல் 'ஒன்றுமில்லாததிலிருந்து' அண்டம் குவாண்டம் ஊடுருவலால் தோன்றலாம் என்றார். இந்த 'ஒன்றுமில்லாதது' வெளியும் காலமும் அற்றது. ஆனாலும் குவாண்டம் விதிகள் அங்கே செல்லுபடியாகின்றன. அந்த விதிகள் எங்கிருந்து வந்தன என்று சற்காரியவாதி ஒருவர் கேட்டால், அந்தக் கேள்வியை மூடநம்பிக்கை என்று ஒதுக்கிவிட முடியாது. விலென்கினே அதைக் கேட்டிருக்கிறார். இன்னொரு பக்கம் ஸ்டைன்ஹார்ட், ட்யூராக் இருவரின் சுழல் அண்டம், பென்ரோஸின் யுகத்தொடர் அண்டம் ஆகியவை நம் பெருவெடிப்பை நீண்ட வரிசையில் ஒரு கண்ணியாக்குகின்றன. எதற்கும் இன்னும் தீர்மானமான சான்று இல்லை.

2003-இல் அரவிந்த் போர்டே, ஆலன் கூத், விலென்கின் மூவரும் ஒரு தேற்றத்தை வெளியிட்டார்கள். தன் வரலாறு முழுவதும் சராசரியாக விரிந்துவந்திருக்கும் எந்த அண்டமும் எல்லையில்லாக் கடந்தகாலத்துக்கு நீள முடியாது என்பது அதன் சாரம். கஸ்ஸாலியின் வாதத்தை 1979-இல் நூலாகப் புதுப்பித்த அமெரிக்க இறையியலாளர் வில்லியம் லேன் கிரெய்க் இந்தத் தேற்றத்தை விரும்பி மேற்கோள் காட்டுவார். 2014-இல் நியூ ஆர்லியன்ஸில் நடந்த விவாதத்தில் அவரை எதிர்த்துப் பேசிய இயற்பியலாளர் ஷான் கேரல், திரையில் கூத்தின் புகைப்படங்களைக் காட்டினார். கூத்தின் கையில் அட்டைகள்: அண்டத்துக்குத் தொடக்கம் உண்டா என்று தெரியாது, பெரும்பாலும் அது அனாதியாகவே இருக்கக்கூடும் என்று எழுதியிருந்தது. உடன் எழுதிய விலென்கினோ, அண்டத்துக்குத் தொடக்கம் இருந்திருக்கும் என்றே இன்றும் கருதுகிறார்.