கார்டு போய்ச் சேந்துட்டு, ரூவா சேரல்ல

போன கிறிஸ்துமஸ் விடுமுறைக்கு ஊருக்குப் போயிருந்தேன். குளச்சலுக்கு மேற்கே ஒரு கடற்கரை ஊரில் என் பள்ளித்தோழன் வீடு. அங்கே அவனுடைய அக்கா என்னைப் பார்த்ததும் கேட்டது இதுதான்: "தம்பி, நீ கம்ப்யூட்டர்லதானே வேலை பாக்க? இந்த ஏடிஎம் கார்டை நம்ம பயலுக்கு எப்பிடி அனுப்ப?"

பயல் பஹ்ரைனில் மீன்பிடிப் படகில் இருக்கிறான். படகு முதலாளியோடு கணக்கில் தகராறு. மூன்று மாதமாகக் கையில் காசு வரவில்லை. ஊர் வங்கியில் அவன் பெயரிலேயே சேமிப்புக் கணக்கு உண்டு, அதில் கொஞ்சம் பணமும் உண்டு. ஆனால் கையில் இருந்த கார்டு காலாவதி ஆகிவிட்டது. புதுக் கார்டு வீட்டுக்கு வந்து மாதா படத்துக்குப் பின்னால் பத்திரமாக இருந்தது.

கார்டை அனுப்புவது பெரிய காரியமில்லை. விடுமுறை முடிந்து திரும்புகிற பக்கத்து வீட்டுக்காரர் கையில் ஏத்தங்காய் சிப்ஸ், மீன் ஊறுகாய், அதோடு ஒரு கவரில் கார்டு. மூன்றாம் நாள் பயலிடம் போய்ச் சேர்ந்துவிட்டது. ஏடிஎம்மில் செருகினால் பணம் வரவில்லை. வெளிநாட்டுப் பயன்பாடு அணைத்து வைக்கப்பட்டிருந்தது. அதை இயக்க ஆப் வேண்டும். ஆப் திறக்க ஓடிபி வேண்டும். ஓடிபி போகிற இந்திய சிம் எப்போதோ செத்துப்போனது. எண்ணை மாற்ற அக்கா வங்கிக்கிளைக்குப் போனார். கணக்குதாரர் நேரில் வரவேண்டும் என்றார்கள். "அவன் வர முடியாததுனாலதானே சார் நான் வந்து நிக்கேன்" என்றாராம் அக்கா.

அன்று மாலை போனில் அவர் சொன்ன வாசகம்தான் இந்தக் கட்டுரையின் தலைப்பு.

அந்த வங்கியைத் திட்டுவதற்காக இதை எழுதவில்லை. அங்கே இருந்தவர் விதிப்படிதான் பேசியிருக்கிறார். நான் விமர்சிக்க நினைப்பது கார்டு என்கிற வடிவமைப்பை. இருபது வருடமாக மென்பொருள் எழுதுகிறவன் என்ற முறையில், இந்தப் பொருளை உருவாக்கியவர்கள் யாரை மனதில் வைத்து உருவாக்கினார்கள் என்று கேட்டுப் பார்க்கிறேன்.

ஒரு ஊருக்குள் பிறந்த பொருள்

இன்று விசா என்று நாம் சொல்வதன் மூதாதை 1958 செப்டம்பரில் கலிஃபோர்னியாவின் ஃபிரெஸ்னோ நகரில் பிறந்தது. பேங்க் ஆஃப் அமெரிக்கா அந்த வட்டாரத்தில் யாரும் கேட்காமலே சுமார் 60,000 கார்டுகளைத் தபாலில் அனுப்பி வைத்தது. வங்கி, கடை, வாடிக்கையாளர் வீடு எல்லாம் ஒரே ஊரில். கார்டு அந்த ஊருக்கான ஏற்பாடு. பிற்பாடு உலகம் முழுக்கப் பரவினாலும் அந்தப் பிறவிக்குணம் போகவில்லை: வாடிக்கையாளர் எப்போதும் வங்கிக்குத் தெரிந்த முகவரியில் இருக்கிறார் என்ற அனுமானம்.

நம் பையன் மனாமாவில் ஏடிஎம்மில் கார்டைச் செருகினான் அல்லவா, அங்கே நடந்தது இதுதான். அந்த ஏடிஎம் அவனுக்குப் பணம் தரலாமா என்று தானாக முடிவு செய்வதில்லை. கார்டு எண்ணின் முதல் சில இலக்கங்கள் எந்த வங்கியின் கார்டு என்பதைச் சொல்லும். கேள்வி பஹ்ரைன் வங்கியிலிருந்து கார்டு வலைப்பின்னலுக்கு, அங்கிருந்து இந்திய வங்கியின் சர்வருக்கு வரும். பின் எண் சரியா, இருப்பு உண்டா, வெளிநாட்டுப் பயன்பாடு அனுமதிக்கப்பட்டதா? மூன்றாவது கேள்விக்கு 'இல்லை' என்றால் கதை முடிந்தது. சில விநாடிகளில் கேள்வி கடல் தாண்டி வந்து பதிலோடு திரும்பிவிடும். ஆக, கடலைத் தாண்ட வேண்டியது பிளாஸ்டிக் அட்டை அல்ல. இந்திய சர்வரில் இருக்கும் ஒரு 'ஆம்'தான் அங்கே பணமாக மாறுகிறது.

அந்த 'இல்லை' எங்கிருந்து வந்தது? 2020 ஜனவரி 15 தேதியிட்ட ரிசர்வ் வங்கிச் சுற்றறிக்கை. புதிதாகத் தருகிற, திரும்பத் தருகிற எல்லாக் கார்டுகளும் முதலில் இந்தியாவுக்குள் ஏடிஎம்மிலும் கடை இயந்திரத்திலும் மட்டுமே வேலை செய்ய வேண்டும். வெளிநாடு, இணையம் எல்லாம் வாடிக்கையாளர் கேட்டால்தான். நல்ல விதிதான். கார்டை நகலெடுத்து ஏதோ ஒரு நாட்டில் ராத்திரியோடு ராத்திரியாகப் பணம் உருவுகிற மோசடிக்கு இது பூட்டு. நானாக இருந்தாலும் இப்படித்தான் எழுதியிருப்பேன். ஆனால் சாவி யாரிடம் என்பதை விதி யோசித்த அளவுக்கு, சாவிக்காரர் எங்கே இருக்கிறார் என்று நடைமுறை யோசிக்கவில்லை. 'திரும்பத் தருகிற' என்ற சொல்தான் நம் பையனை மாட்டிவிட்டது. பழைய கார்டு அங்கே வேலை செய்துகொண்டிருந்தது. புதுக் கார்டு முதல் படியிலிருந்து தொடங்கியது.

சாவியின் கதை இன்னும் மோசம். ப்ரீபெய்டு சிம்மைத் தொண்ணூறு நாள் பயன்படுத்தாமல் விட்டு, இருபது ரூபாய் இருப்பும் இல்லையென்றால் நிறுவனம் அதைத் துண்டிக்கலாம் என்பது டிராய் விதி. கடலில் கிடக்கிறவன் ஊர் சிம்முக்கு மாதாமாதம் ரீசார்ஜ் பண்ணிக்கொண்டா இருப்பான்? அவன் பணத்தின் வாசல் அந்த இருபது ரூபாயில் தொங்குகிறது என்று யாரும் சொல்லவும் இல்லை. ஓடிபிக்குப் பதிலாக வேறு வகைச் சரிபார்ப்புகளையும் பயன்படுத்த வழி செய்யும் நெறிமுறைகளை ரிசர்வ் வங்கி 2025 செப்டம்பரில் வெளியிட்டது. நல்ல மாற்றம். ஆனால் புதுவழிக்கு மாறவும் முதலில் பழைய எண்ணுக்கு ஓடிபி போகுமானால் பயனில்லை.

சட்டம் அவனை என்னவாகப் பார்க்கிறது

இதைத் தேடிப் படிக்கும்போதுதான் இன்னொன்று உறைத்தது. ஃபெமா சட்டப்படி வேலைக்காக நாட்டைவிட்டுப் போகிறவர், போன நாளிலிருந்தே வெளிநாட்டில் வசிப்பவராகக் கருதப்படுவார். 182 நாள் கணக்கெல்லாம் வேலைக்குப் போகிறவருக்குப் பொருந்தாது. அவருடைய சாதாரண சேமிப்புக் கணக்கை என்ஆர்ஓ கணக்காக மாற்ற வேண்டும். அதாவது அக்கா மாதா படத்துக்குப் பின்னால் வைத்திருந்த அந்தக் கார்டு, இருக்கக்கூடாத ஒரு கணக்கின் கார்டு. எங்கள் கடற்கரையில் எத்தனை பேர் இதை மாற்றியிருப்பார்கள்? நான் கேட்ட நாலு வீட்டிலும் 'அப்பிடின்னா என்ன?' என்றுதான் பதில்.

சரி, கார்டை விட்டுவிட்டுப் பணத்தை நேரே அனுப்பலாமே? வளைகுடாவிலிருந்து ஊருக்கு அனுப்ப வெஸ்டர்ன் யூனியன் மாதிரி ஏற்பாடு உண்டு. அதே கடையில் இங்கிருந்து அங்கே அனுப்ப முடியாது. ரிசர்வ் வங்கி விதிப்படி அந்தத் திட்டம் இந்தியாவுக்குள் வருகிற பணத்துக்கு மட்டும். வெளியே அனுப்ப வங்கிக்குப் போக வேண்டும், பான் எண் வேண்டும், ஏ2 படிவம் வேண்டும், அங்கே பையனுக்கு வங்கிக்கணக்கும் வேண்டும். அவனுக்கு அங்கே கணக்கு இல்லை. ஃபாரெக்ஸ் கார்டு? அது பாஸ்போர்ட், விசாவோடு வங்கிக்குப் போய் வாங்கிக்கொண்டு விமானம் ஏறுகிறவருக்கு. ஏற்கனவே அங்கே இருப்பவருக்கு அல்ல.

எல்லாக் குழாயும் ஒரு திசைக்கே போடப்பட்டிருக்கிறது. வளைகுடாவுக்குப் போனவன் அனுப்புவான், ஊரில் இருப்பவர் வாங்குவார். அவனுக்கே ஒரு கஷ்டம் வந்து ஊர் அனுப்ப வேண்டியிருக்கும் என்பது கணக்கில் இல்லை.

பிறகு எப்படிப் பணம் போனது என்று நான் கேட்கவில்லை, அக்காவும் சொல்லவில்லை. நாலாம் நாள் போய்ச் சேர்ந்தது.

உண்டியலின் ஓடிபி

நம் பக்கத்தில் உண்டியல், குழல்பணம் என்றெல்லாம் சொல்வார்கள். அங்கே ஒருவரிடம் தினார் கொடுத்தால் இங்கே ஒருவர் ரூபாய் கொண்டு தருவார். அடையாளத்துக்குப் பல இடங்களில் ரூபாய் நோட்டின் எண்ணைப் பயன்படுத்துவார்கள். ஒரு பத்து ரூபாய் நோட்டின் எண் முன்கூட்டியே அனுப்பப்படும்; அந்த நோட்டைக் காட்டுகிறவருக்குப் பணம். ஒருமுறை மட்டுமே செல்லும் கடவுச்சொல், வாங்குபவர் கையிலேயே இருக்கிறது, சிம் தேவையில்லை. பொறியாளனாக எனக்கு இதன் மேல் ஒரு மரியாதை உண்டு என்பதை மறைக்கவில்லை.

ஆனால் இதைக் கொண்டாடவும் முடியாது. ஃபெமாவின் 3ஆம் பிரிவுப்படி இது குற்றம். பணம் வராமல் போனால் புகார் சொல்ல இடமில்லை. இந்தப் பக்கம் நம் வீட்டுச் செலவு, அந்தப் பக்கம் கடத்தல் தங்கத்தின் விலையாக இருக்கலாம். மீனவர்கள் சட்டம் தெரியாமல் இதற்குப் போகிறார்கள் என்கிற நகரத்து எண்ணம் பாதிதான் சரி. தெரிந்தவர்களும் போகிறார்கள். கேட்கிற இடத்தில் பணத்தைக் கொண்டு சேர்க்கிற ஏற்பாடு அவர்களுக்கு அது ஒன்றுதான்.

ஈரானில் கார்டு

இதைவிடக் கடினமான இடம் ஈரான். கன்னியாகுமரி மாவட்ட மீனவர்கள் அங்கே வேலை பார்ப்பது நம்மில் பலருக்கு 2020இல்தான் தெரிந்தது. கொரோனாவில் மாதக்கணக்கில் சிக்கி, பந்தர் அப்பாஸிலிருந்து ஐஎன்எஸ் ஜலஷ்வா கப்பலில் 687 பேர் அந்த ஜூலை 1ஆம் தேதி தூத்துக்குடி வந்து இறங்கினார்கள். பெரும்பாலோர் தமிழக மீனவர்கள். அவர்களில் பலருக்கு மாதச் சம்பளம் கிடையாது, பிடித்த மீனில் பங்கு. கடலுக்குப் போகவில்லை என்றால் சாப்பாட்டுக்கே வழியில்லை.

அப்போது வீட்டிலிருந்து அவர்களுக்கு எந்தக் கார்டும் உதவியிருக்காது. ஈரானில் விசா, மாஸ்டர்கார்டு வேலை செய்வதில்லை. 2012இலும் மறுபடி 2018 நவம்பரிலும் ஈரான் வங்கிகள் ஸ்விஃப்ட் வலையிலிருந்து வெட்டிவிடப்பட்டன. உள்ளே ஷெதாப் என்ற அவர்களுடைய சொந்த வலைதான். 2022 மார்ச்சில் ரஷ்யாவிலும் இதேதான் நடந்தது. விசாவும் மாஸ்டர்கார்டும் கடையைச் சாத்தின, அங்கே படித்துக்கொண்டிருந்த நம் மாணவர்கள் கையிலிருந்த இந்தியக் கார்டுகள் ஒரே வாரத்தில் வெறும் அட்டைகளாயின. கார்டு நம் கையில் இருந்தாலும் அது வேலை செய்யும் உரிமை எங்கோ வேறொருவர் கையில்.

போய்ச் சேர்ந்த கார்டு

சேர்ந்த உதாரணமும் உண்டு. 2009இல் ஐக்கிய அரபு அமீரகம் ஊதியப் பாதுகாப்பு முறையைக் கொண்டுவந்தது. சம்பளத்தை அங்கீகரிக்கப்பட்ட வழியில்தான் தரவேண்டும் என்றானதும், வங்கிக்கணக்கே இல்லாத தொழிலாளிகள் கைக்கும் சம்பளக் கார்டு போய்ச் சேர்ந்தது. கார்டின் தொழில்நுட்பம் அதற்கு முந்தைய வருடமும் அதேதான். கொடுத்தே ஆகவேண்டும் என்று ஒரு சட்டம் முதலாளியைக் கட்டியதுதான் மாற்றம். முதலாளியே தொழிலாளியின் கார்டைப் பிடுங்கி வைத்துக்கொள்ளும் புகார்கள் வளைகுடாவில் வந்ததுண்டு என்பதையும் சொல்லவேண்டும். இருந்தாலும் விதி யாரை மனதில் வைத்து எழுதப்படுகிறதோ அவரை கார்டு எட்டுகிறது.

யூபிஐயையும் இதே கண்ணால் பார்க்கலாம். 2023 ஜனவரியில் வெளிநாட்டு எண்ணோடே என்ஆர்இ, என்ஆர்ஓ கணக்கில் யூபிஐ பயன்படுத்த அனுமதி வந்தது. முதலில் அறிவித்த பத்து நாடுகளில் அமெரிக்கா, சிங்கப்பூர், அமீரகம், சவூதி, ஓமன், கத்தார் எல்லாம் உண்டு. பஹ்ரைன், குவைத் இல்லை.

அலமாரியில் இருக்கும் கார்டு

எங்கள் ஊர்களில் வழக்கம் எப்போதும் தலைகீழ்தான். ஆள் விமானம் ஏறுவான், கார்டு வீட்டில் இருக்கும். பின் எண் மனைவிக்கோ அம்மாவுக்கோ தெரியும். வங்கி விதிப்படி இது தப்பு. பெங்களூரில் மனைவியின் கார்டைக் கணவர் ஏடிஎம்மில் பயன்படுத்தியபோது 25,000 ரூபாய் வராமல் போன வழக்கில், பின் எண்ணைப் பகிர்ந்ததே குற்றம் என்று 2018இல் நுகர்வோர் மன்றம் தள்ளுபடி செய்தது. மனைவி பிரசவம் முடிந்து வீட்டில் இருந்தவர். வங்கிக்குத் தனி ஆள் தெரிகிறார். நமக்குத் தெரிவதோ குடும்பம். அதில் ஒரு கால் கடலுக்கு அந்தப் பக்கம்.

இதற்குச் சட்டத்திலேயே கதவு உண்டு. 2011இலிருந்து நெருங்கிய உறவினரைச் சேர்த்து என்ஆர்இ கணக்கு தொடங்கலாம். அதிகாரப் பத்திரம் எழுதிக்கொடுத்தால் ஊரில் இருப்பவர் அதை இயக்கலாம். அக்காவுக்கு அதை யாரும் சொல்லவில்லை. வேலைக்குப் போகிறவர்களுக்கு அரசு ஒருநாள் பயணத்துக்கு முந்தைய பயிற்சி தருகிறது. அதில் அரைமணி நேரம் கணக்கை மாற்றுவது, அதிகாரப் பத்திரம், சிம்மை உயிரோடு வைப்பது என்று மூன்றே விஷயம் சொன்னால் போதும். எண்ணை மாற்றத் தூதரகச் சான்றோடு வரும் விண்ணப்பத்தை எல்லாக் கிளைகளும் ஏற்றால் அக்காவின் பிரச்சினை அன்றே முடிந்திருக்கும்.

பயலின் கணக்குத் தகராறு தீர்ந்து மறுபடி கடலுக்குப் போகிறானாம். போன வாரம் அக்கா கூப்பிட்டார். கார்டை யாரிடமாவது திரும்பக் கொடுத்துவிடச் சொல்லியிருக்கிறாராம். "அங்க கிடந்து என்னத்துக்கு தம்பி? இங்க இருந்தா எனக்காவது உதவும்" என்றார். அதிகாரப் பத்திரத்தைப் பற்றி அப்போதுதான் சொன்னேன். பையன் அடுத்த விடுமுறைக்கு வரும்போது எழுதி வாங்கலாம் என்று பேச்சு.