ஒரு தட்டு அப்பமும் ஒரு ஓட்டும்

'குட் பை லெனின்' பார்த்தவர்களுக்கு அந்த நர்ஸ் பெண்ணை ஞாபகம் இருக்கும். 2003-ல் வந்த ஜெர்மன் படம். வுல்ஃப்காங் பெக்கர் இயக்கியது. கிழக்கு பெர்லினில் ஓர் அம்மா மயங்கி விழுந்து கோமாவுக்குப் போகிறாள். எட்டு மாசம் கழித்துக் கண் விழிக்கும்போது பெர்லின் சுவர் இல்லை, கம்யூனிசம் இல்லை, தெருவெல்லாம் கோகோ கோலா. அதிர்ச்சி ஏதும் கொடுத்தால் உயிர் போய்விடும் என்கிறார் டாக்டர். அதனால் பிள்ளையாண்டான் அலெக்ஸ் அந்த ஒரு வீட்டுக்குள் மட்டும் பழைய கிழக்கு ஜெர்மனியைத் தொடர்ந்து நடத்துகிறான். பழைய ஊறுகாய் பாட்டில், பொய்யாகத் தயாரித்த டி.வி. செய்தி என்று ஏக அமர்க்களம்.

எல்லோரும் அந்தப் பொய்யில் கூட்டு. ஒருத்தி மட்டும் முகத்தைச் சுளித்துக்கொண்டே இருப்பாள். சோவியத் ரஷ்யாவிலிருந்து வந்து ஆஸ்பத்திரியில் வேலை பார்க்கும் லாரா. கடைசியில் அம்மாவிடம் உண்மையைப் போட்டு உடைப்பதும் அவள்தான். அம்மா சாகவில்லை. அலெக்ஸிடம் தனக்குத் தெரியும் என்று காட்டிக்கொள்ளவும் இல்லை. மகன் தயாரித்த கடைசிப் பொய்ச் செய்தியைப் பார்ப்பதைவிட, அதைப் பார்க்கும் மகனையே அதிகம் பார்த்துக்கொண்டிருக்கிறாள். முதல் தடவை நண்பர் கொடுத்த டிவிடியில் பார்த்தபோது இது எனக்குப் புரியவே இல்லை. இரண்டாவது தடவைதான் உறைத்தது. படத்தின் முதுகெலும்பே அந்தப் பெரிய கண் நர்ஸ்தான்.

அவர் பெயர் சுல்பான் கமாத்தவா. தாத்தார் மொழியில் சுல்பான் என்றால் விடிவெள்ளி. 1975-ல் கஸான் நகரத்தில் பிறந்தவர். கணக்கில் புலி. உள்ளூர் நிதி, பொருளாதாரக் கல்லூரியில் கூப்பிட்டு இடம் கொடுத்தார்கள். அம்மணி வேண்டாம் என்று நாடகப் பள்ளிக்குப் போய்விட்டார். இதே மாதிரி ஒரு முடிவெடுக்கத் தைரியம் இல்லாமல் பி.காம். முடித்தவன் என்கிற முறையில் எனக்கு இந்த இடத்தில் கொஞ்சம் பொறாமை உண்டு.

கஸானிலிருந்து மாஸ்கோ. அங்கே கீட்டிஸ் நாடகக் கழகம். 1998-ல் சவ்ரெமென்னிக் தியேட்டர். 'சமகாலம்' என்று அர்த்தம். ஸ்டாலின் செத்து மூன்று வருஷம் கழித்து, 1956-ல் சில இளைஞர்கள் சேர்ந்து ஆரம்பித்த குழு. அதன் பெரிய மனுஷி கலீனா வோல்செக், ரெமார்க்கின் 'மூன்று தோழர்கள்' நாவலை 1999-ல் மேடைக்குக் கொண்டுவந்தபோது, காசநோயில் கரைந்துபோகும் பாட் வேஷத்தை இந்தப் பெண்ணிடம் கொடுத்தார். இருபத்து நாலு வயசு. அப்புறம் திரும்பிப் பார்க்க நேரமில்லை.

என்னைக் கேட்டால் அவரை முழுசாகப் பார்க்க வேண்டிய படம் 'செவிடர்களின் தேசம்'. வலேரி தொதரோவ்ஸ்கி இயக்கி 1998-ல் வந்தது. சோவியத் யூனியன் உடைந்த பிறகான மாஸ்கோ. காதலன் சூதாட்டத்தில் கடன் வைத்துவிட்டுக் காணாமல் போகிறான். கடன்காரர்கள் ரீட்டாவைத் துரத்துகிறார்கள். காது கேளாத நடனக்காரி யாயா அவளைக் காப்பாற்றித் தன்னோடு வைத்துக்கொள்கிறாள். கடலோரத்தில் எங்கேயோ செவிடர்களுக்கென்று ஒரு தேசம் இருக்கிறது, காசு சேர்த்துக்கொண்டு அங்கே போய்விடலாம் என்பது யாயாவின் கனவு. காசுக்காக ரீட்டா ஒரு வேலைக்குப் போகிறாள். என்ன வேலை தெரியுமா? காது கேளாத ஒரு தாதாவுக்குக் காதாக இருக்கும் வேலை. பேரம் நடக்கிற இடத்தில் பக்கத்தில் நின்று, எதிராளிகள் தங்களுக்குள் என்ன பேசிக்கொள்கிறார்கள் என்று கேட்டுச் சொல்ல வேண்டும்.

யாயாவாக நடித்தவர் தீனா கோர்சுன். கை, கால், தோள் எல்லாம் பேசும். படத்தைத் தூக்கிச் சாப்பிட்டுவிடக்கூடிய பாத்திரம். எதிரே நிற்கிற கமாத்தவா என்ன செய்கிறார்? ஒன்றும் செய்வதில்லை. கவனிக்கிறார், அவ்வளவுதான். எதிராளி முடிக்கும்வரை காத்திருந்து, அது உள்ளே போய் இறங்குகிற வரைக்கும் நமக்குக் காட்டிவிட்டு, அப்புறம் வாயைத் திறக்கிறார். நம் ஊரோ வெளியூரோ, அநேக நடிகர்கள் எதிராளி பேசும்போது தன் அடுத்த டயலாக்கை மனப்பாடம் பண்ணிக்கொண்டிருப்பார்கள். இவர் காதால் நடிக்கிறவர். கடைசியில் ரீட்டாவுக்கே காது போய்விடும்போது நமக்கு அடிவயிற்றில் என்னவோ செய்வது அதனால்தான்.

அடுத்தடுத்த படங்களை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். 'லூனா பாப்பா' (1999), தாஜிகிஸ்தான் கிராமத்துக் கதை. வயிற்றிலிருக்கும் குழந்தையே கதை சொல்லும். பார்க்க ஜாலியாக இருக்கும், வீட்டுக் கூரை வானத்தில் பறக்கும். 'துவாலு' (1999), கிட்டத்தட்ட வசனமே இல்லாத விசித்திரம். அழகு உண்டு, ஆனால் எனக்கு அரை மணியில் கொட்டாவி வந்தது. அலெக்ஸேய் ஜெர்மன் ஜூனியரின் 'காகிதச் சிப்பாய்' வெனிஸில் வெள்ளிச் சிங்கம் வாங்கியது. நல்ல படம், அவருக்கு அதில் வேலை கம்மி.

மேடைதான் அவர் வீடு. 2008-ல் மாஸ்கோவின் 'தேசங்களின் தியேட்டர்' நடத்திய 'சுக்ஷினின் கதைகள்'. இயக்குநர் ஆல்விஸ் ஹெர்மானிஸ், லாத்வியாக்காரர். மொத்தக் குழுவையும் சைபீரியப் பக்கம் அல்தாயில் இருக்கும் எழுத்தாளர் சுக்ஷினின் சொந்தக் கிராமத்துக்கே கூட்டிக்கொண்டு போனார். மேடையில் ஒரு நீள பெஞ்சு, பின்னால் அந்த ஊர் ஜனங்களின் ஆளுயரப் போட்டோக்கள். அவ்வளவுதான் செட். அந்த பெஞ்சில் கமாத்தவாவும் யெவ்கேனி மிரோனவும் மற்றவர்களும் மாறி மாறி மனைவி, மாமியார், குடிகாரன், கிழவி என்று கூடுவிட்டுக் கூடு பாய்வார்கள்.

இதோடு நிறுத்தினால் 'சிறந்த நடிகை, வாழ்க' என்று முடித்துவிடலாம். முடியாது. ஓர் அப்பக் கதை பாக்கி இருக்கிறது.

2005-ல் ரத்தப் புற்றுநோய் வந்த குழந்தைகளின் சிகிச்சைக்கு ஒரு கருவி வாங்க நிதி திரட்டும் நிகழ்ச்சி. கமாத்தவாவும் தீனா கோர்சுனும் மேடையேறினார்கள். ஆமாம், அதே ரீட்டா, யாயா. அடுத்த வருஷம் இருவரும் சேர்ந்து 'வாழ்வைப் பரிசளி' என்ற அறக்கட்டளையையே ஆரம்பித்துவிட்டார்கள். நம் ஊர் நட்சத்திரங்கள் மாதிரி போட்டோவுக்கு நின்றுவிட்டுப் போகிற சமாசாரம் இல்லை. ஆஸ்பத்திரி வார்டு, மருந்து இறக்குமதி, கஸ்டம்ஸ், ரத்த தானம் என்று வருஷக்கணக்காக அலைந்தார். பனிச்சறுக்கு நடன ரியாலிட்டி ஷோவில்கூட ஆடினார்.

அதே 2005-ல் திமா என்று ஒரு பையன் மாஸ்கோ ஆஸ்பத்திரியில் இருந்தான். ரத்தப் புற்றுநோய். அதிபர் புடினோடு உட்கார்ந்து ரஷ்ய அப்பம் சாப்பிட வேண்டும் என்பது அவன் ஆசை. பேப்பரில் வந்தது. புடின் நிஜமாகவே வந்து அவனோடு சாப்பிட்டார். குழந்தைகளுக்கென்று பெரிய சிகிச்சை மையம் கட்டும் முடிவு அதன் பிறகு பிறந்தது. திமா 2007-ல் இறந்துபோனான். 2011 ஜூன் 1-ம் தேதி மாஸ்கோவில் திறந்த அந்த மையத்துக்கு அவன் பெயர்தான், திமித்ரி ரகச்சோவ் மையம்.

2012 பிப்ரவரி. அடுத்த மாசம் அதிபர் தேர்தல். தேர்தல் மோசடி என்று மாஸ்கோ தெருக்களில் ஆயிரக்கணக்கில் கூட்டம். அந்த நேரத்தில் ஒரு பிரசார வீடியோ வந்தது. கமாத்தவா கேமராவைப் பார்த்துப் பேசுகிறார். ஆஸ்பத்திரி விஷயத்தில் கொடுத்த வாக்கையெல்லாம் காப்பாற்றினார், அதனால் என் ஓட்டு புடினுக்கு என்கிறார்.

பார்த்தவர்கள் அதிர்ந்துபோனார்கள். முகத்தைப் பார்த்தாலே தெரிகிறதே, மிரட்டிப் பேச வைத்திருக்கிறார்கள் என்று ஒரு கட்சி. அவரோ யாரும் மிரட்டவில்லை, நானாகத்தான் சொன்னேன் என்றார். பழைய ரசிகர்கள் பலர் அதை மன்னிக்கவே இல்லை.

நான் எதையும் பற்று, வரவு என்று இரண்டு பத்தியாக எழுதிப் பார்க்கிறவன். படிப்பு அப்படி. வலது பக்கம் பிழைத்த குழந்தைகள். இடது பக்கம் ஒரு வீடியோ. குழந்தையை அந்த வார்டில் படுக்கவைத்திருக்கும் அப்பனிடம் போய் இந்தக் கணக்கைக் காட்டினால், 'நூறு வீடியோ பேசட்டும் சார்' என்பான். நானாக இருந்தாலும் அதைத்தான் சொல்வேன்.

ஆனாலும் அந்த வீடியோ தப்பு என்றுதான் நினைக்கிறேன். ஆஸ்பத்திரி அரசாங்கப் பணத்தில் எழுந்தது. அதாவது கஸான் டிராம் டிரைவரும் அல்தாய் விவசாயியும் கட்டிய வரி. அதற்கு ஓர் ஆளிடம் நன்றி சொன்னால், ஜனங்களுக்குச் சேர வேண்டியது ராஜா போட்ட பிச்சையாகிவிடுகிறது. அடுத்த ஆஸ்பத்திரிக்கு அடுத்த பையன் அப்பத்துக்கு ஆசைப்பட வேண்டும். இது அவருக்குத் தெரியாமல் இருக்காது, கணக்கில் புலி. தெரிந்தே செய்தார் என்பதுதான் எனக்கு இடிக்கிறது. அதே வருஷம் 'மக்கள் கலைஞர்' பட்டமும் வந்தது.

நடிப்புக்கு வருவோம். 2020-ல் 'ஜுலைகா கண் விழிக்கிறாள்' டி.வி. தொடர். 1930-ல் ஸ்டாலின் காலத்தில் நிலத்தைப் பிடுங்கிச் சைபீரியாவுக்கு விரட்டப்பட்ட தாத்தார் பெண். கம்யூனிஸ்டுகள் ஒரு பக்கம் திட்டினார்கள், எங்கள் மதத்தை அவமதித்துவிட்டார்கள் என்று தாத்தார்களில் சிலர் இன்னொரு பக்கம். என் குறை வேறு. தொடர் ரொம்ப அழகாக இருந்தது. பட்டினியைக்கூட பளபளவென்று எடுத்தால் எப்படி?

அதே 2020-ல் மேடையில் 'கோர்பச்சேவ்'. மறுபடி ஹெர்மானிஸ், மறுபடி மிரோனவ். இரண்டே பேர். ஒரு மேக்கப் அறை. சாதாரண உடையில் இரண்டு நடிகர்களாக ஆரம்பித்து, நாம் பார்க்கப் பார்க்க விக் வைத்து, குரல் மாற்றி, மிஹாயிலும் ரைசாவுமாக முதுமை வரை போகிறார்கள். அரசியல் கம்மி, ஒரு தம்பதியின் கதைதான். ரைசா கோர்பச்சேவா 1999-ல் ஜெர்மனியின் மூன்ஸ்டரில் இறந்தார். ரத்தப் புற்றுநோய். பதினைந்து வருஷம் அந்த வியாதி வார்டுகளில் அலைந்த நடிகை, அந்த வியாதியில் செத்தவளாக நடிக்கிறார். கோர்பச்சேவே வந்து பார்த்தார். எண்பத்தொன்பது வயசு. செத்துப்போன தன் மனைவி மேடையில் நடமாடுவதைப் பார்க்கிற கிழவரை நினைத்துப் பாருங்கள். 2022 ஆகஸ்ட் 30-ல் அவரும் போய்விட்டார்.

அதற்கு ஆறு மாசம் முன்னால், பிப்ரவரி 24-ல் உக்ரைன்மீது போர் ஆரம்பித்தபோது கமாத்தவா வெளிநாட்டில் இருந்தார். போருக்கு எதிரான மனுவில் கையெழுத்துப் போட்டார். மார்ச்சில் ஒரு பேட்டியில் இனி திரும்பப் போவதில்லை என்று அறிவித்தார். திரும்ப வேண்டுமானால் நடப்பது போரே இல்லை என்று பொய் சொல்ல வேண்டும், அது தன்னால் ஆகாது என்றார். சவ்ரெமென்னிக், அறக்கட்டளை, பட்டம் எல்லாம் அந்தப் பக்கம். லாத்வியாவில் ஹெர்மானிஸின் ரிகா புதிய தியேட்டரில் சேர்ந்தார். முதலில் 'போஸ்ட் ஸ்கிரிப்டம்' என்று தனி ஆளாக ஒரு நாடகம். தஸ்தயேவ்ஸ்கியும், 2006-ல் புடினின் பிறந்த நாளன்று சுட்டுக் கொல்லப்பட்ட பத்திரிகையாளர் அன்னா பொலித்கோவ்ஸ்கயாவும் கலந்தது.

2012-ல் பேசிய அதே வாய் என்று கைகொட்டிச் சிரிக்கிறவர்கள் இன்னமும் உண்டு. சிரிக்கட்டும், அவர்களுக்கு உரிமை இருக்கிறது. எனக்கு லாராதான் ஞாபகத்துக்கு வருகிறாள். பெர்லின் ஆஸ்பத்திரியில் ரஷ்ய வாடை அடிக்கும் ஜெர்மனில் 'இது சரியில்லை' என்று அலெக்ஸிடம் மல்லுக்கட்டிய பெண். நாற்பத்தாறு வயசில், சொந்த மொழியில் இத்தனை பெயர் வாங்கிய பிறகு, கமாத்தவா ரிகாவில் லாத்விய மொழியை ஆனா ஆவன்னாவிலிருந்து படிக்க உட்கார்ந்தார்.