மந்திரிகுமாரி: காப்பியக் காதலும் திரைக் குற்றமும்

முன்னுரை

ஐம்பெருங்காப்பியங்களுள் ஒன்றாகிய குண்டலகேசி முழுமையாகக் கிடைக்கவில்லை. சில பாடல்களே எஞ்சியுள்ளன. அதன் கதையை நீலகேசி உரைவழி அறிகிறோம். இக்கதையைத் தழுவி மு. கருணாநிதி எழுதிய நாடகம், சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் நிறுவனத்தாரால் 1950-இல் 'மந்திரிகுமாரி' என்னும் திரைப்படமாயிற்று. எல்லிஸ் ஆர். டங்கனும் டி. ஆர். சுந்தரமும் இயக்கினர். காப்பியக் கதை திரைக்கு வரும்போது பெற்ற மாற்றத்தை ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

கள்வன் உருவாகும் விதம்

காப்பியத்தில் காளன் கள்வனாகவே அறிமுகமாகிறான். கொலைக்களத்திற்கு இட்டுச் செல்லப்படும் அவனைக் கண்டு பத்திரை காதல் கொள்கிறாள். அவள் தந்தை அவனை மீட்டு மணமுடித்து வைக்கிறார். அவன் ஏன் கள்வனானான் என்பது அங்கு வினாவாகவில்லை. திரைப்படமோ அவ்வினாவிலிருந்தே தொடங்குகிறது. இராசகுருவின் மகன் பார்த்திபன் (எஸ். ஏ. நடராஜன்) படைத்தலைவர் பதவியை விரும்புகிறான். அப்பதவி வீரமோகனுக்குக் (எம்.ஜி.ஆர்.) கிடைக்கிறது. பதவியும் இளவரசியும் எட்டாத நிலையில் அவன் கொள்ளைத்தலைவனாகிறான். கொள்ளையைக் கலையென்றே வாதிடுகிறான். குற்றம் இங்கு ஊழின் விளைவன்று. அரண்மனைப் பேராசையின் விளைவாகும்.

இரு சொற்கள்

இவ்வேறுபாட்டினும் ஆழமானது பிறிதொன்று. காப்பியத்தில் ஊடற்பொழுதில் பத்திரை கணவனைக் கள்வன் எனச் சுட்டுகிறாள். அது விளையாட்டாகச் சொல்லப்பட்ட உண்மை. அவ்வொரு சொல்லே அவன் வஞ்சத்திற்குக் காரணமாகிறது. திரைப்படத்தில் மந்திரிமகள் அமுதவல்லி (ஜி. மாதுரிதேவி), பார்த்திபன் இளவரசிக்கு விடுத்த மடல் தவறித் தன்னிடம் வந்ததால் அவனைச் சந்தித்துக் காதலிக்கிறாள். அவன் பிடிபட்டு வழக்கு நேர்ந்தபோது தெய்வச்சிலையின் பின் மறைந்து நின்று, அவன் குற்றமற்றவன் என்று தெய்வக்குரலாக உரைக்கிறாள். குற்றவாளி விடுதலை பெற, வீரமோகன் நாடு கடத்தப்படுகிறான். இது மெய்போலச் சொல்லப்பட்ட பொய்.

ஆகவே பத்திரை ஏமாற்றப்பட்டவள் மட்டுமே; அமுதவல்லியோ ஏமாற்றப்பட்டவளும் குற்றத்திற்குத் துணைநின்றவளும் ஆவாள். கணவனை வலம்வரும் வேண்டுகோளுடன் அவனை மலையுச்சியிலிருந்து தள்ளும் நிகழ்ச்சி இரண்டிலும் உண்டு. காப்பியத்தில் அது தற்காப்பு. திரைப்படத்தில் அது தற்காப்பாக இருப்பதோடு, தன் பொய்யால் தப்பவிட்டவனுக்குத் தானே வழங்கும் தீர்ப்பாகவும் அமைகிறது. ஜி. இராமநாதன் இசையில் திருச்சி லோகநாதனும் ஜிக்கியும் பாடிய மலைப்பாதைப் பாடலின் இனிமை, காதலின் தோற்றத்திற்கும் உண்மைக்கும் இடையிலான தொலைவை உணர்த்துகிறது. கேட்போர் மயங்கும் அந்த இசையே கொலைக்கு அழைத்துச் செல்வதாகும்.

சிலையின் பின் நின்று பேசும் உத்தி 'பராசக்தி'யிலும் (1952) வருகிறது. ஆங்கு அக்குரல் பூசாரியின் கொடுமையைக் கண்டிக்கிறது. இங்கு கொடியவனைக் காக்கிறது. பகுத்தறிவுக் கருத்து இரண்டிற்கும் பொதுவெனினும், பொய்க்கு விலை தருபவள் ஒரு பெண் என்பது மந்திரிகுமாரியின் தனித்தன்மை.

குறையும் நிறைவும்

வீரமோகன், இளவரசி காதற்கதை பெரிதும் வழக்கமான அரசகதைப் போக்கினது. அமுதவல்லியின் மனப்போராட்டத்திற்கு உரிய இடத்தை அது ஓரளவு குறைத்து விடுகிறது. எனினும் நாயகன், இளவரசி ஆகியோரை விடுத்து மந்திரிமகளின் பெயரைத் தலைப்பாக்கியது, கதையின் அறச்சுமை யாருடையது என்பதைத் தெளிவாக்குகிறது.

முடிவுரை

குண்டலகேசியின் மையம் நிலையாமை. மந்திரிகுமாரியின் மையம் பொறுப்பு. காதலை இழந்தவள் என்பதினும், காதலுக்காக உண்மையை இழந்து அதனை மீட்டவள் என்பதே அமுதவல்லியின் பெருமை. பழங்கதையை மறுபடி சொல்வதோடு நில்லாது, அதனிடம் புதுவினா எழுப்பியதே இப்படத்தின் இலக்கிய மதிப்பு எனலாம்.