மந்திரப் பள்ளியும் எண்ணாயிரத்து நெல் கணக்கும்

சிறுவர் கதைகளில் ஒரு பள்ளிக்கூடம் அடிக்கடி வரும். மலையுச்சியிலோ கடலடியிலோ இருக்கும். அங்கே சங்கைக் காதில் வைத்தால் என்றோ இறந்த அரசனின் குரல் கேட்கும். தூணைத் தட்டினால் அது பழங்கதை சொல்லும். மணற்கடிகாரத்தைச் சாய்த்து வைத்தால் காலமே நின்றுவிடும். விக்கிரமாதித்தன் சிம்மாசனத்தின் 32 பதுமைகள் கதை சொல்லக் கேட்டு வளர்ந்த நமக்கு இதில் வியப்பு ஒன்றுமில்லை. நானும் இத்தகைய கதைகளை விரும்பிப் படிப்பவன்தான். ஆயினும் இவற்றின் மேல் எனக்கு ஒரு குறை உண்டு. அதைச் சொல்லுமுன், வாசகர்களே, உங்களை அனந்தபுரத்துப் பக்கம் அழைத்துச் செல்ல வேண்டும்.

விழுப்புரத்துக்கும் செஞ்சிக்கும் இடைப்பட்ட ஊர் அனந்தபுரம். அங்கிருந்து கிழக்கே, சைக்கிளில் போய் வரக்கூடிய தொலைவில், எண்ணாயிரம் என்றொரு சிற்றூர் இருக்கிறது. அவ்வூர் அழகிய நரசிம்மப் பெருமாள் கோயிலில் முதலாம் இராசேந்திர சோழன் காலத்துக் கல்வெட்டு ஒன்று உள்ளது, ஏறத்தாழ கி.பி. 1025-ஐச் சேர்ந்தது. அப்போது ஊரின் பெயர் இராசராச சதுர்வேதிமங்கலம். அங்கே நடந்த ஒரு கல்லூரியின் கணக்கைத்தான் அந்தக் கல்வெட்டு சொல்கிறது.

மாணவர்கள் 340 பேர், ஆசிரியர்கள் 14 பேர். இளநிலை மாணவர் 270 பேரில் இருக்கு வேதம் ஓதியவர் 75, யசுர் வேதம் ஓதியவர் 75. வாசசனேயம், சந்தோக சாமம், தலவகார சாமம் ஆகிய ஒவ்வொன்றுக்கும் 20 பேர். அதர்வத்துக்குப் 10 பேர், பௌதாயன நூல்களுக்குப் 10 பேர். மீதி 40 பேர் ‘ரூபாவதாரம்’ என்ற இலக்கண நூலைப் படித்தார்கள். பெருமாள் கோயில் கல்லூரியில் பாடமாக இருந்த இந்நூலை எழுதிய தர்மகீர்த்தி ஒரு பௌத்தர் என்று கருதப்படுகிறார் என்பது கவனிக்கத்தக்கது. மேல்நிலை மாணவர்கள் 70 பேர் இலக்கணமும் மீமாம்சையும் வேதாந்தமும் கற்றார்கள். எல்லாவற்றுக்குமாக விடப்பட்ட நிலம் 45 வேலி.

நாளந்தாவுக்கு இணையான பல்கலைக்கழகம் நம் ஊரில் இருந்தது என்று மேடையில் முழங்குகிறவர்களுக்கு இந்த எண்கள் சிறியவையாகத் தோன்றலாம். இருக்கட்டுமே! உண்டு உறைந்து படிக்கும் ஒரு நல்ல கல்லூரிக்கு இந்த அளவு போதும். எனக்கு வேறொரு கணக்குத்தான் முக்கியமாகப் படுகிறது. இளநிலை மாணவனுக்கு நாளொன்றுக்கு 6 நாழி நெல். மேல்நிலை மாணவனுக்கு 1 குறுணி 2 நாழி, அதாவது 10 நாழி. பெருக்கிக் கூட்டிப் பாருங்கள். மாணவர்களுக்கு மட்டும் தினம் 2,320 நாழி. 96 நாழி ஒரு கலம் ஆகையால், 24 கலத்துக்குச் சற்று அதிகம்.

மந்திரப் பள்ளிக் கதைகளில் இந்த நெல் வருவதேயில்லை. அங்கே ஒலி தானாகவே நிற்கிறது. யாரும் பசிப்பதில்லை, யாரும் தவறு செய்வதுமில்லை. என் குறை இதுதான். நினைவு எப்போதும் தவறு செய்யும். தவறைக் கண்டுபிடிக்கும் ஏற்பாடு இல்லாமல் எதையும் நெடுநாள் காக்க இயலாது.

வேதம் ஓதுவோர் அந்த ஏற்பாட்டை எப்படிச் செய்தார்கள் என்று பார்ப்போம். ஆடு, மாடு, கோழி என்ற மூன்று சொற்களை எடுத்துக்கொள்ளுங்கள். ‘கனம்’ என்ற முறையில் ஓதினால், ஆடு மாடு – மாடு ஆடு – ஆடு மாடு கோழி – கோழி மாடு ஆடு – ஆடு மாடு கோழி என்று வரும். அடுத்த சுற்று மாட்டில் தொடங்கும். நீண்ட வரியில் இடையில் நிற்கும் ஒரு சொல் இப்படி மொத்தம் 13 தடவை, முன்னும் பின்னுமாக ஒலிக்கிறது. ஓரிடத்தில் நாக்குப் பிறழ்ந்தால் மற்ற இடங்கள் காட்டிக் கொடுத்துவிடும். பக்கத்தில் இருப்பவன் உடனே திருத்துவான். இதே கருத்தைக் கணிப்பொறியில் காண்கிறோம். தகவலோடு சில கூடுதல் இலக்கங்களையும் சேர்த்து அனுப்பி, வழியில் நேர்ந்த பிழையைக் கண்டு திருத்தும் முறையை ரிச்சர்டு ஹாமிங் 1950-இல் வெளியிட்டார்.

மாணவ நண்பர்கள் இங்கே ஒரு வேறுபாட்டைக் காண வேண்டும். பரீட்சைக்கு விடைக்குறிப்பை உருப்போடுவதும் மனப்பாடம்தான். ஆனால் அதை யாரும் தலைகீழாகக் கேட்பதில்லை. பரீட்சை முடிந்த மறுவாரம் அது மறந்தும் போகிறது. எண்ணாயிரத்தைக் காட்டி நம் உருப்போடும் பழக்கத்தை நியாயப்படுத்துவோரின் வாதம் எனக்கு ஒப்பவில்லை.

அதற்காக அந்தக் கல்லூரியைக் குறையற்றது என்றும் சொல்ல மாட்டேன். பொருள் தெரியாமலே ஒலியைக் காக்கும் வழி அது. மேலும், எதைக் காப்பது என்று தேர்ந்தவர்கள் சிலரே. ஓதியவர்கள் ஒரு வகுப்பார் மட்டுமே. கோயிலில் திருவாய்மொழி ஓதுவோருக்கும் நெல் கிடைத்தது உண்மை. ஆனால் அந்த வயல்களில் நாற்று நட்ட பெண்களின் பாட்டுக்கு யாரும் ஒரு நாழி அளக்கவில்லை. அன்று அவர்கள் பாடியதில் ஓர் அடியும் இன்று நம்மிடம் இல்லை.

இனி இயந்திரம் இருக்கிறதே, நெல் எதற்கு என்று நீங்கள் கேட்கலாம். பிரான்சு நாட்டு லெயோன் ஸ்காட் 1860-இல், எடிசனின் போனோகிராபுக்குப் 17 ஆண்டுகள் முன்பே, புகைக்கரி படிந்த தாளில் ஒரு பாட்டின் அலைகளைக் கோடுகளாகப் பதித்தார். திரும்ப ஒலிக்கச் செய்யும் வழி அவரிடம் இல்லை. 2008-இல் அமெரிக்க ஆய்வாளர்கள் கணிப்பொறியின் உதவியால் அதை ஒலிக்கச் செய்தார்கள். கேட்டவர்கள் ஒரு சிறுமி பாடுகிறாள் என்றார்கள். அடுத்த ஆண்டுதான், இருமடங்கு வேகத்தில் ஓட்டிவிட்டோம் என்பது தெரிந்தது. பாடியது ஓர் ஆண், பெரும்பாலும் ஸ்காட்டேதான்! கோடு 148 ஆண்டுகள் பத்திரமாக இருந்தது. சரியான வேகம் எது என்று சொல்லத்தான் ஆள் இல்லை.

காலத்தை நிறுத்தும் மணற்கடிகாரமும் எண்ணாயிரத்தில் இல்லை. தலைமுறைக்கு 25 ஆண்டு என்று கொண்டால், 1025-லிருந்து இன்றுவரை 40 தலைமுறைகள். ஒவ்வொரு தலைமுறையும் முதலிலிருந்து கற்றாக வேண்டும். ஒன்று விட்டாலும் சங்கிலி அறும். அறுந்தும் இருக்கிறது. இருக்கு வேதத்துக்கு 21 கிளைகள் என்று பதஞ்சலி கணக்குச் சொல்கிறார். அவற்றில் பெரும்பாலானவற்றை இன்று ஓத ஆளில்லை.

கல்வெட்டில் உள்ள தலவகார சாமத்துக்கு ஜைமினீயம் என்றும் பெயர் உண்டு. இன்று அதைப் பாடத் தெரிந்தவர்கள் கேரளத்திலும் தமிழ்நாட்டிலுமாக மிகச் சிலரே. 1975-இல் கேரளத்துப் பாஞ்ஞாளில் 12 நாள் நடந்த அக்கினிசயனத்தில் அது பாடப்பட்டபோது, பிரிட்ஸ் ஸ்டால் என்ற டச்சு அறிஞரின் குழுவினர் ஒலிநாடாவிலும் படச்சுருளிலும் பதிவு செய்தார்கள். நாடா இருக்கிறது, கேட்கலாம். எண்ணாயிரத்தில் இதே பாடத்துக்கு 20 மாணவர்கள் உட்கார்ந்திருந்தார்கள். அவர்களுக்குத் தினம் 120 நாழி நெல் அளந்தார்கள்.