கருமையும் ஒளியும்: ஓவியர் றால்ப் ஹோற்றெரே

ஓவியர் பலர் கருமையை நிழல் காட்டுதற்கே பயன்படுத்துவர். அதனையே பொருளாகக் கொண்டு பல்லாண்டு தொழிற்பட்டவர் நியூசீலாந்தின் மாவோரி ஓவியர் றால்ப் ஹோற்றெரே (1931-2013) ஆவர். அந்நாட்டின் வடபுலத்து மிற்றிமிற்றி என்னுஞ் சிற்றூரிலே, கத்தோலிக்க நெறி பேணிய குடும்பத்தில், பதினைந்து பிள்ளைகளுள் ஒருவராய் அவர் பிறந்தார். ஆசிரியப் பயிற்சி பெற்று, பாடசாலைகளுக்குச் சித்திரக்கலை ஆலோசகராய்க் கடமையாற்றியபின், 1961இல் உதவிநிதி பெற்று இலண்டன் சென்றார்.

இவர்தந் தமையன் ஜாக், 1943இல் இத்தாலியப் போர்க்களத்தில் மாண்டு, சாங்குரோ ஆற்றருகேயுள்ள போர்வீரர் மயானத்தில் அடக்கஞ் செய்யப்பட்டவர். அக்கல்லறையைக் கண்டு மீண்டபின் எழுந்தனவே ‘சாங்குரோ’ ஓவியங்கள். சிலுவையும் எண்களும் எழுத்துக்களுமன்றி அழுமுகம் ஒன்றேனும் அவற்றில் இல்லை. துயரை வாய்விட்டுப் புலம்பாது அடக்கிக் காட்டும் இவ்வியல்பே பின்னைய படைப்புக்கள் அனைத்திற்கும் வித்தாயிற்று.

1968இல் தோன்றிய ‘கறுப்பு ஓவியங்கள்’ இவ்வகையில் ஆராயத்தக்கன. மோட்டார் வண்டிகளுக்குப் பூசும் அரக்குப் போன்ற பளபளப்பான கறுப்புப் பூச்சு, அதன்மீது மயிரிழை போன்ற வண்ணக் கோடுகளாற் சிலுவை, பிறிதொன்றும் இல்லை. விரைந்து செல்வோனுக்கு இவை வெறும் பலகைகளே. நின்று நோக்குவோனோ அப்பரப்பிலே தன் உருவத்தையே காண்பான். ஓவியத்தைக் காணச் சென்றவன் ஓவியத்துட் புகுந்துவிடுகிறான்.

இக்கருமையை மாவோரிப் படைப்புக் கதையிற் கூறப்படும் ‘தே போ’ என்னும் ஆதியிருளோடு இணைத்து உரைப்பாருளர். அவ்விருள் உலகை ஈன்ற கருப்பை போன்றது. ஒளி அதனின்றே பிறந்தது. கருமை இழவின் நிறமென்பாரும் உளர். ஹோற்றெரேயோ விளக்கங் கூற மறுத்தவர். தாம் பிறப்பால் மாவோரியாயினும், ஓவியத்தைப் பொறுத்தவரை அது தற்செயலே என்னுங் கொள்கையினர். இதனைக் குலத்தை மறுத்த கூற்றாகக் கொள்வது தவறு. பிறப்பை மட்டுங் கண்டு படைப்பைக் காணாது போகும் திறனாய்வுக்கு இட்ட தடையே அது. எனினும் அவர் சொல்லை அப்படியே ஏற்றலும் பொருந்தாது. மாவோரிச் சொற்களைத் தம் ஓவியங்களில் எழுதியவரும் அவரே அன்றோ!

1969இல் ஒற்றாகோ பல்கலைக்கழகத்து உதவிநிதி பெற்றுத் தென்திசை சென்றவர், போற் சாமர்ஸ் துறைமுக ஊரிலே நிலைத்தார். அண்மையிலுள்ள அறமோவானாவில் அலுமினிய உருக்காலை நிறுவ முயன்றபோது ஓவியத்தால் எதிர்த்தார். முறுறோவா அணுகுண்டுச் சோதனைகளையும், 1985இல் ‘றெயின்போ வாறியர்’ கப்பல் தகர்க்கப்பட்டதையும் வரைந்தார். இவற்றுட் சில, எழுதிய சொற்களின் வலியிலே பெரிதுந் தங்கியுள்ளன. சாங்குரோவின் அடக்கம் அவற்றிற் குறைவே.

அக்குறையை முற்றும் நீக்கியது 1984 முதல் 1988 வரை உருவான ‘கறுப்புப் பீனிக்ஸ்’. தீயில் எரிந்த மீன்பிடிப் படகொன்றின் முன்னணியம் நடுவே நிற்க, கருகிய பலகைகள் இருபுறமும் நிரையாய் நிற்கின்றன. ஒரு தலைவன் வீழ இன்னொருவன் எழுவான் எனும் மாவோரிப் பழமொழி அவற்றிற் செதுக்கப்பட்டுள்ளது. இங்கே சொல் ஓவியத்திற்கு உரையாய் நில்லாது, மரத்தின் தழும்பாகவே அமைந்துவிட்டது. கருமையும் பூசப்பட்டதன்று, தீயே இட்டது.