ஒலி ஒப்புமையும் பெயர்ப் பொருளும்: ஒரு பிரசங்க வழக்கத்தைக் குறித்த திறனாய்வு

நம் பிரசங்க மேடைகளில் ஒரு வழக்கம் வேரூன்றியிருக்கிறது. இரு பெயர்கள் செவிக்கு ஒன்றுபோல் ஒலித்தால், அவை ஒரே மூலத்தினின்று பிறந்தவை என்று அறிவித்துவிடுவதே அது. ஆபிரகாமே பிரமன் என்றும், சாராளே சரஸ்வதி என்றும், கிறிஸ்து என்பதே கிருஷ்ணன் எனத் திரிந்தது என்றும், மாரியும் மரியாளும் ஒருவரே என்றும் சொல்லக் கேட்டிருக்கிறோம். அயல் சமயத்தாரோடு உறவு தேடும் நோக்கம் நல்லதே. எனினும் இம்முறை தவறானது என்பதையும், அத்தவறு சபையைத் தொடுகிறது என்பதையும் இங்கு ஆராய விழைகிறோம்.

பிறரைக் குறை கூறுமுன் நம் குறையை அறிக்கையிடுவது முறையாகும். திருவொற்றியூரை அடுத்த ஒரு சபையில் இளம் போதகராய் ஊழியம் செய்த நாளில், மாரி, மரியாள் என்னும் இவ்விளக்கத்தையே நாமும் பிரசங்கித்தோம். ஆராதனை முடிந்தபின், மீன் விற்றுப் பிழைக்கும் முதிய தாயார் ஒருவர் வாசலில் நமக்காகக் காத்திருந்தார். மாரியம்மாள் என்றிருந்த அவருக்கு ஞானஸ்நானத்தில் மேரி என்று பெயரிடப்பட்டிருந்தது. “ஐயரே, ரெண்டும் ஒண்ணுதான்னா என் பேரை ஏன் மாத்தினாங்க?” என்று கேட்டார். நம்மிடம் விடை இல்லை.

1. ஒலியும் உறவும்

ஆபிரகாம் என்னும் பெயரைப் பல இனங்களின் தகப்பன் என ஆதியாகமம் 17-ஆம் அதிகாரம் விளக்குகிறது. பிரமன் என்பதோ பெருகுதல், வளர்தல் என்னும் பொருளுடைய வடமொழி வேரினது. சாராள் என்பது எபிரெயத்தில் இளவரசி. சரஸ்வதியின் பெயரில் நிற்பது நீர்நிலை. கிறிஸ்து என்பது அபிஷேகம் பண்ணப்பட்டவர் எனப் பொருள்படும் கிரேக்கச் சொல். மேசியா என்பதன் மொழிபெயர்ப்பு. கிருஷ்ணன் என்பதோ கருநிறத்தான். மாரி தமிழில் மழை. மரியாள் மோசேயின் சகோதரி மிரியாமின் பெயரையே உடையவர். அப்பெயரின் பொருளில் அறிஞரிடையே இன்னும் கருத்தொற்றுமை இல்லை.

மறுபுறம், ஒலியால் விலகி நிற்கும் பெயர்கள் உண்மையில் உறவுடையனவாய் இருக்கின்றன. யோவான், அன்னாள், அனனியா ஆகிய மூன்றும் கிருபை என்னும் பொருளுடைய ஒரே எபிரெய வேரினின்று கிளைத்தவை. நம் செவிக்கோ அன்னாள் என்பது அன்னையை நினைப்பூட்டுகிறது! வடமொழித் ‘தேவ’ என்பதும் இலத்தீன் ‘தேயுஸ்’ என்பதும் ஒரு குடும்பத்தவை. ஆனால் அவ்விலத்தீன் சொல்லோடு ஏறக்குறைய ஒத்தொலிக்கும் கிரேக்கத் ‘தெயோஸ்’ அக்குடும்பத்தைச் சேர்ந்ததன்று. ஆகவே செவி நல்ல சாட்சியன்று.

கால்டுவெல் அத்தியட்சர் 1856-இல் வெளியிட்ட திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணம் இவ்வகையில் நமக்கு வழிகாட்டி. சிதிய மொழிகளோடு அவர் காட்டிய உறவை இன்றைய அறிஞர் ஏற்பதில்லை. ஆயினும் மொழிகளின் உறவை உதிரிச் சொற்களில் மட்டும் தேடாமல் இலக்கண அமைப்பிலும் தேடவேண்டும் என்னும் அவருடைய நெறி நிலைத்திருக்கிறது.

2. ராயபுரம் தரும் பாடம்

இதே 1856-இல் இரயில் நிலையம் திறக்கப்பட்ட ராயபுரம் நமக்கு அருமையான ஓர் எடுத்துக்காட்டு. கத்தோலிக்கத் தமிழர் பேதுருவை இராயப்பர் என்பர். அவர் பெயரால் அமைந்ததே அவ்வூர்ப் பெயர் என்பது வழங்கும் விளக்கம். அவர் பெயரிலான ஆலயம் இன்றும் அங்கு நிற்கிறது. ஆனால் நம் பழைய வேதாகமத்தை வாசித்து வளர்ந்தவனுக்கு இராயன் யார்? வரிப்பணம் கேட்கும் ரோமப் பேரரசன்! அகுஸ்துவும் இராயனே. ஒலியை மட்டும் நம்பினால், வலைவீசியவரின் ஊரைப் பேரரசனின் ஊராக்கிவிடுவோம்.

3. பெயர்த்தலின் இரு நெறிகள்

கத்தோலிக்க மரபு பல பெயர்களில் பொருளைப் பெயர்த்தது. சிறியவன் எனப் பொருள்படும் பவுல் சின்னப்பரானார், யோவான் அருளப்பரானார். 1726-இல் முற்றுப்பெற்ற தேம்பாவணியில் வீரமாமுனிவர் யோசேப்பை வளன் என்றும், யோவான்ஸ்நானனைக் கருணையன் என்றும் பாடினார். 1871-ஆம் ஆண்டுத் திருப்புதல் உட்பட நம் மரபோ ஒலியைப் பெயர்த்தது. 1995-இல் இரு சபையாரும் இணைந்து வெளியிட்ட திருவிவிலியம் பேதுரு, பவுல், யோவான் என ஒலி நெறியையே தழுவியது. ஒருமைப்பாடு பெரும் பேறே. எனினும் அருள் என்னும் சொல் யோவானை விட்டு நீங்கியதை இழப்பென்றே கருதுகிறோம். கேபாவைப் பேதுருவாகவும், தபீத்தாளைத் தொற்காளாகவும் பொருள் கூறிப் பெயர்த்தது புதிய ஏற்பாடுதான் என்பதை மறத்தலாகாது. பொருளை இனிப் பிரசங்கியே எடுத்துரைக்க வேண்டும். அதற்கு ஒலி விளையாட்டு உதவாது, அகராதி உதவும்.

4. அந்தத் தாயாருக்கு விடை

புதிய ஏற்பாட்டுச் சபையினரின் பெயர்களைக் கவனிப்போம். அப்பொல்லோவின் பெயரில் அப்பொல்லோன் என்னும் தேவனும், எப்பாப்பிரோதீத்துவின் பெயரில் அப்ரொதித்தே என்னும் தேவியும் இருக்கின்றனர். மதுவின் தேவனுடைய பெயரைத் தாங்கிய தியொனீசியு அத்தேனே பட்டணத்தில் விசுவாசியானார். ரோமச் சபையில் எர்மே என்னும் சகோதரனும், கெங்கிரேயாவில் பெபேயாள் என்னும் ஊழியக்காரியும் இருந்தனர். பவுல் இவர்களுள் பலரை அப்பெயர்களாலேயே அழைத்தார். பெயரை மாற்றும்படி அவர் கேட்டதாக ஓரிடத்திலும் இல்லை.

எனவே அன்று நாம் கூறியிருக்கவேண்டிய விடை இது: “அம்மா, இரண்டும் ஒன்றல்ல. ஆனாலும் உங்கள் பெயரை மாற்றியிருக்க வேண்டியதில்லை.” இவ்விடையைக் கண்டடைய நமக்குப் பல ஆண்டுகள் சென்றன, அதற்குள் அத்தாயார் மறைந்துவிட்டார். கல்லறையிலும் மேரி என்றே எழுதியிருக்கிறது. இனி ஞானஸ்நானத் தொட்டியருகே நிற்கப்போகும் மாணவர்கள், பெயர் கேட்குமுன் இதைச் சிந்திப்பார்களாக.